காலத்தை வளைக்கிற புலம்: என் கதையில எங்க இடிக்குதுன்னு சொல்லுங்க

பாய்லர்காரன் எழுதியது:

வணக்கம். மலேசியாவுல, பெஸ்தாரி ஜெயாவுல இருந்து எழுதுறேன். பத்தாங் பெர்ஜுந்தைன்னு சொன்னாத்தான் பழைய ஆளுங்களுக்குப் பிடிபடும். செம்பனை எண்ணெய் ஆலையில பாய்லர் பக்கம் வேலை. பழத்து நாரையும் கொட்டை ஓட்டையும் அள்ளிப் போட்டு ஆவி எடுக்குறோம். அந்த ஆவியிலதான் குலையும் வேகுது, டர்பைனும் ஓடுது. ஒரு வேக்காட்டுக்கு ஒன்றரை மணி நேரம் ஆகும். நைட் ஷிப்ட்ல பிரஷர் மீட்டர்ல ஒரு கண்ணை வெச்சுக்கிட்டு, கைப்பேசியில அறிவியல் புனைகதை ஒன்னு எழுதிக்கிட்டு வர்றேன். ரெண்டு அத்தியாயம் ஓடிடுச்சு, மூணாவதுல நிக்குது.

கதை நடக்குற அண்டத்துல ஆறு உலகம். ஆறும் ஒரே கம்பெனியோட டிவிஷன். அங்க சுழிப்புலம்னு ஒரு ஆற்றல் புலம் இருக்கு. நான் உண்டாக்குனதுதான், வேற எங்கயும் தேடாதீங்க. தோட்டத்து எல்லையில வரிசையா கம்பம் நட்டு, கம்பத்துக்குக் கம்பம் புலத்தை இழுத்துக் கட்டியிருக்கான் கம்பெனிக்காரன். சுத்துப்பட்டுல இருக்குற சூட்டை உறிஞ்சித்தான் கம்பம் வேலை செய்யுது. அதனால வேர்வை ஊத்துற மத்தியானத்துலயும் கம்பத்தடியில புல்லு மட்டும் உறைஞ்சு வெள்ளையா நிக்கும், மிதிச்சா நொறுங்கும். இந்த இடம் எனக்கே பிடிச்ச இடம், இதுல கை வைக்காதீங்க.

புலத்துக்கு உள்ளே காலம் நாலு மடங்கு வேகமா ஓடும். வெளியே ஒரு நாள்னா உள்ளே நாலு நாள். எதுக்குன்னா, செம்பனைக் கன்னை நட்டா முதல் குலை வெட்ட ரெண்டரை வருசம் ஆகும். அது ஏழரை மாசத்துல வந்துடும். 25 வருசத்துல மரத்தைச் சாய்ச்சு மறுநடவு பண்ணுறது ஆறேகால் வருசத்துல முடிஞ்சிடும். கம்பெனிக்கு வேற என்ன வேணும்? எல்லை பத்து மீட்டர் அகலம். ஆளுங்க அதுக்குள்ள நடந்துதான் வேலைக்காட்டுக்குப் போவாங்க, வருவாங்க. கடக்குறப்ப காது அடைக்கும், அவ்வளவுதான்.

புலம் எப்படி வேலை செய்யுதுன்னு கேக்காதீங்க, அது என் தலைவலி. அப்படி ஒன்னு இருக்குன்னு வெச்சுக்கிட்டா, அதுக்கு அப்புறம் எது எது இடிக்கும்? அதுதான் கேள்வி.

இன்னொன்னு. எங்களுக்குக் கீழ்ப்பக்கம், கம்போங் குவாந்தான்ல, சிலாங்கூர் ஆத்தோரம் மரத்துக்கு மரம் மின்மினி. ஒரு மரத்துல இருக்குறது அத்தனையும் ஒன்னா எரிஞ்சு ஒன்னா அணையும். அதையே கதையில எல்லைக்கு அடையாளமா வைக்கலாம்னு யோசனை: எல்லைக்கு இந்தப் பக்கம் ஒரு மரம், அந்தப் பக்கம் ஒரு மரம், ரெண்டும் வேற வேற தாளத்துல மினுக்கும். இது சரியா வருமா?


படிவம்_ஐந்து எழுதியது:

அண்ணே, உங்க புலத்துக்குள்ள ஒரு மாசம் விடுவீங்களா? எஸ்பிஎம் பரீட்சை வருது. நாலு மாசம் படிச்சுட்டு வெளிய வந்துடுறேன்.


தெலுக் இந்தான் வாத்தியார் எழுதியது:

மேலே உள்ள தம்பிக்கு: நாலு மாசத்துச் சாப்பாட்டையும் கட்டிக்கிட்டுப் போகணும், வீட்டுல கேட்டுக்கோ.

பாய்லர் தம்பி, நான் இடைநிலைப்பள்ளியில இயற்பியல் சொல்லிக் குடுத்து ஓய்வு பெற்றவன். 1885ல கட்டுன எங்க ஊர் மணிக்கூண்டே சாஞ்சுதான் நிக்குது, அதனால வளைஞ்ச காலத்தைப் பத்திப் பேச எனக்குக் கொஞ்சம் உரிமை உண்டு.

இடத்துக்கு இடம் காலம் வேற வேகத்துல ஓடுறது நிஜ உலகத்துலயும் இருக்கு. ஜிபிஎஸ் செயற்கைக்கோள் சுமார் 20,200 கிலோமீட்டர் உயரத்துல சுத்துது. அங்க ஈர்ப்பு குறைவு, அதனால அதுல இருக்குற கடிகாரம் நாளுக்கு 45 மைக்ரோ வினாடி முந்தும். ஓடுற வேகத்தால 7 பிந்தும். கழிச்சா 38. இதைத் திருத்தாம விட்டா, உங்க ஆலைக்குக் குலை ஏத்திட்டு வர்ற லோரிக்காரர் கைப்பேசி ஒரே நாள்ல பத்து கிலோமீட்டர் அளவுக்கு இடம் மாத்திக் காட்ட ஆரம்பிச்சிடும். 2010ல அமெரிக்காவுல அணுக்கடிகாரம் ஒன்னை வெறும் 33 சென்டிமீட்டர் உயர்த்தி வெச்சே வித்தியாசத்தை அளந்து காட்டினாங்க.

ஆனா இயற்கையில இதுக்கு ஒரு துணை உண்டு. காலவேகம் எங்க மாறுதோ அங்க இழுவையும் இருக்கும். பூமியில ஒரு மீட்டர் மேல போனா கடிகாரத்துல வர்ற வித்தியாசம் நூறு கோடி கோடியில ஒரு பங்கு. நம்ம எடை முழுக்க அந்தத் துளியோட சேர்ந்து வர்றதுதான். நீங்க பத்து மீட்டருக்குள்ள நாலு மடங்கு மாத்துறீங்க. கணக்குப் போட்டுப் பார்த்தேன்: பூமி ஈர்ப்பைவிடப் பத்துக் கோடி கோடி மடங்குக்கு மேல, வெளிப்பக்கமா தள்ளும். காது அடைக்கிறதெல்லாம் அப்புறம், காதே இருக்காது. அதனால புலம் எடையைத் தொடாதுன்னு ஒரு வரி எழுதி இதைத் தாண்டிடுங்க. கதைக்காரருக்கு அந்தச் சலுகை உண்டு.

தாண்ட முடியாதது வெளிச்சம். வெளியே இருந்து வர்ற ஒளியோட அதிர்வை உள்ளே இருக்குறவன் தன் வேகமான கடிகாரத்துல எண்ணுறான். அவனுக்கு அது நாலுல ஒரு பங்காத்தான் தெரியும். 500 நானோமீட்டர் பச்சை ஒளி அவனுக்கு 2,000 நானோமீட்டர், அதாவது அகச்சிவப்பு, கண்ணுக்குத் தெரியாது. ஒளித்துகள் ஒவ்வொன்னோட ஆற்றலும் கால் பங்கு, வந்து சேர்ற எண்ணிக்கையும் கால் பங்கு, ஆக மொத்தம் பதினாறுல ஒரு பங்கு. உங்க தோட்டத்துக்குள்ள நடுப்பகல்லயும் வானம் இருட்டுதான். இலை எதை வெச்சுச் சமைக்கும்? செம்பனை முதல் மாசத்துலயே செத்துடும். மழையும் அப்படித்தான். வெளியே வருசத்துக்கு 2,400 மில்லிமீட்டர் பெஞ்சா, உள்ளே இருக்குற மரத்துக்கு அது நாலு வருசத்துத் தண்ணி.

இன்னொரு வேடிக்கையும் இருக்கு. ஒளி உங்க எல்லையைத் தொடுறப்ப கண்ணாடியில இருந்து காத்துக்குப் போற மாதிரி வளையும். நாலு மடங்குன்னா, எல்லைக்குச் செங்குத்தான கோட்டுல இருந்து 14 டிகிரி சொச்சத்துக்கு மேல சாஞ்சு வர்ற ஒளி உள்ளேயே போகாது, முழுசா திரும்பிடும். வெளியே நின்னு சாய்வா பார்த்தா தோட்டம் தெரியாது. பார்க்குறவனுக்கு அவன் பக்கத்து மரமும் வானமும்தான் தெரியும்.

மின்மினிக்கு வர்றேன். தாளம் மாறும், சரி. ஆனா உள்ளே இருந்து வெளியே வர்ற ஒளி எதிர்ப்பக்கமா மாறும், அலைநீளம் நாலுல ஒன்னாகும். மின்மினி ஒளி சுமார் 570. அது 140க்கு வந்தா புற ஊதா. வெளியே நிக்கிறவன் கண்ணுக்கு உள்ளே ஒரு மின்மினிகூட இருக்காது.


பாய்லர்காரன் எழுதியது:

சார், வானம் இருட்டுன்னு நீங்க சொன்னதுல எனக்கு வருத்தமே இல்ல. எங்க பாட்டன் காலத்துல நெத்தியில கார்பைட் விளக்கைக் கட்டிக்கிட்டு விடியுமுன்னே பால் மரம், ரப்பர் மரம், வெட்டப் போனாங்க. வெயில் ஏறினா பால் நின்னுடும், அதனால இருட்டுதான் வேலை நேரம். உள்ளே எந்நேரமும் விடியக்காலை நாலு மணின்னு வெச்சுக்கிறேன். கதைக்கு நல்லதுதான்.

மரத்துக்கு விளக்குப் போட்டுடலாமேன்னு கணக்குப் பார்த்தேன். நல்ல வெயில்னா சதுர மீட்டருக்கு ஆயிரம் வாட். ஒரு ஹெக்டருக்கு 10 மெகாவாட். எங்க ஆலை மொத்தமும் ரெண்டு மெகாவாட்டுக்குள்ள ஓடுது. ஒரு ஹெக்டர்ல நிக்கிற நூத்து நாப்பது சொச்சம் மரத்துக்கு அஞ்சு ஆலை வேணும். கம்பெனி எத்தனை உலகத்தை வெச்சிருந்தாலும் இது கட்டுப்படியாகாது. ஆனா நாலு மடங்கை விட மனசு வரல சார். நாலு நாள், ஒரு நாள்னு சொல்றதுல ஒரு கம்பீரம் இருக்கு. வேற வழி யாருக்காவது தோணுதா?


காண்டாவாளி எழுதியது:

தம்பி, எனக்கு அறிவியல் தெரியாது. சுங்கை சிப்புட் பக்கம் தோட்டத்துல பொறந்து, பால் வெட்டி, அப்புறம் செம்பனைக்கு மாறி வெளிக்காட்டு வேலை பார்த்தவ. இப்ப மகனோட தாமான்ல, டவுன் குடியிருப்புல, இருக்கேன். உங்க எழுத்து முழுசும் படிச்சேன். மரத்துக்கு எத்தனை நாள், குலைக்கு எத்தனை மாசம்னு எழுதியிருக்கீங்க. உள்ளே போற ஆளுக்குச் சம்பளம் எந்தக் கடிகாரத்துல போடுறான்னு ஒரு இடத்துலயும் எழுதலையே? உள்ளே எட்டு மணி நேரம் உழைச்சவன் வெளிய வந்தா ரெண்டு மணி நேரம்தான் ஆகியிருக்கும். கணக்கெழுதுற கிராணி எதைப் பார்த்து எழுதுவாரு?

எங்க தோட்டத்துல ஆபீஸ் வாசல்ல ஒரு தண்டவாளத் துண்டைக் கட்டித் தொங்கவிட்டிருப்பாங்க. அதை இரும்பால அடிச்சா பெரட்டு, அதாவது வேலைக்கு முன்னால பேர் கூப்பிடுறது. அந்தச் சத்தம்தான் எங்களுக்கு மணி. வீட்டுக் கடிகாரம் என்ன காட்டினாலும் சரி, அடிச்சதுக்கு அப்புறம் வந்தவ பேரு விடுபட்டுப் போகும். மழை பெஞ்சா வெட்டு கிடையாது, கூலியும் கிடையாது. அஞ்சு மணிக்கு எழுந்து உளியைத் தீட்டி, வாளியைக் கழுவி, பெரட்டுல நின்ன நேரம் யாரு கணக்குலயும் வராது.

1982 சனவரி முதல் தேதி, தீபகற்பம் பூரா கடிகாரத்தை அரை மணி முன்னால தள்ளி வெச்சாங்களே, சபா சரவாக்கோட ஒத்துப் போகணும்னு. நீங்க பொறந்திருக்க மாட்டீங்க. நான் சின்னப் பொண்ணு. எங்க தோட்டத்துல பெரட்டு மணி மாறவே இல்ல, சூரியன்தான் அரை மணி பிந்திடுச்சு. அம்மா அன்னையிலேர்ந்து அரை மணி முன்கூட்டியே இருட்டுல எழுந்தாங்க. பிள்ளைங்களைப் பார்த்துக்குற ஆயாக்கொட்டகைக்குத் தம்பியைத் தூக்கிட்டுப் போறப்ப அவன் தூக்கத்துல தலையைத் தொங்கப் போட்டுக்கிட்டே வருவான். ஒருத்தரும் ஒரு கேள்வி கேக்கல. அரை மணிதானே? பாட்டிகிட்ட சொன்னா சிரிப்பாங்க. ஜப்பான்காரன் காலத்துல ஒன்றரை மணி முன்னால தள்ளி, தோக்கியோ நேரம்தான் உங்களுக்கும்னு வெச்சிருந்தானாம். அதையே பார்த்தவங்க.

நாலு மடங்கு காலத்தை எடுத்தா எந்த மடையனும் கண்டுபிடிச்சிடுவான். வாசல்லயே கலாட்டா ஆகும். உங்க கம்பெனிக்காரன் விவரமானவன்னா கொஞ்சமா எடுக்கணும். ஷிப்டுக்கு ஒரு மணி, ஒன்னேகால் மணி. அது போதும் அவனுக்கு.

இன்னொரு விஷயம், வண்டு. எங்க அம்மா செம்பனைக்குப் போன புதுசுல பூவுக்குப் பூ மகரந்தம் தூவுற வேலை பார்த்தாங்க. பொம்பளைங்க வரிசையா போவாங்க, பூத்தூளை ஊதிவிட்டுக்கிட்டே. முகமெல்லாம் தூளா இருக்கும், முள்ளு கையைக் கிழிக்கும். 1981ல கேமரூன்ல இருந்து ஒரு சின்னக் கூன்வண்டைக் கொண்டாந்து விட்டாங்க, அது அந்த வேலையை எடுத்துக்கிச்சு. பெண்பூ விரிஞ்சு ரெண்டு மூணு நாள்தான் மகரந்தம் ஏத்துக்கும். உங்க நாலு மடங்குல அது வெளிக்கணக்குக்கு ஒரு நாள்கூட இல்ல. வெளியே இருக்குற வண்டு வந்து சேர்றதுக்குள்ள பூ முடிஞ்சிடும். வண்டு உள்ளேயே குடும்பம் நடத்தணும், இல்லாட்டி பொம்பளைங்களைத் திரும்பவும் தூவச் சொல்லணும். கம்பெனி எதைச் செய்யும்னு எனக்குத் தெரியும்.


பாய்லர்காரன் எழுதியது:

அக்கா, பசியாறக்கூட எழுந்திருக்காம உட்கார்ந்து கணக்குப் போட்டேன். நாலை விட்டாச்சு. இனி 1.2 மடங்கு.

ஏன் 1.2ன்னா, உள்ளே எட்டு மணி நேரம் ஓடுறப்ப வெளியே ஆறு மணி நாப்பது நிமிசம். கிராணி வெளிக் கடிகாரத்துல எழுதுறாரு. ஷிப்டுக்கு ஒரு மணி இருபது நிமிசம் காணாமப் போகுது. வருசத்துக்கு 300 ஷிப்ட்னு வெச்சா 400 மணி நேரம். 30 வருசம் வேலை செஞ்சவன்கிட்ட 12,000 மணி நேரம் கூலி இல்லாம வாங்கியிருப்பான். நாளாக் கணக்குப் பார்த்தா அந்த ஆளோட உடம்பு அவன் ஐசியில, அடையாள அட்டையில, இருக்குற வயசைவிட 500 நாள் மூத்தது. சேமநிதி ஆபீஸ்ல போய் எனக்கு இன்னும் ஒன்னேகால் வருசத்துக்கு மேல கூடுதல்னு சொன்னா யாரு நம்புவா?

மரம் வேகமா வளர்றதெல்லாம் இப்ப கம்பெனி வெளியில சொல்லிக்கிற சாக்கு. 25 வருசத்தை இருபது வருசம் பத்து மாசமாக் குறைக்கும், அதுவும் லாபம்தான். ஆனா அவன் உண்மையில அறுவடை பண்ணுறது அந்த எண்பது நிமிசத்தை.

வெளிச்சம் பிரச்சினையும் தீர்ந்துடுது. வாத்தியார் சார் சொன்ன கணக்குல 1.2ஐ 1.2ஆல பெருக்கி வகுத்தா வெயில் 69 விழுக்காடு கிடைக்கும். மரம் பிழைச்சுக்கும், காய்ப்பு கொஞ்சம் குறையும். சூரியன் மங்கலா, கொஞ்சம் பழுப்பா தெரியும். கம்பெனி அதுக்குப் புகைமூட்டம்னு காரணம் சொல்லும். நம்ம ஊர்ல 1997லயும் 2015லயும் புகைமூட்டத்தைப் பார்த்தவன் யாரும் அதைச் சந்தேகப்பட மாட்டான். முகக்கவசம்கூட இலவசமா குடுக்கும், பெருந்தன்மையா. கைக்கடிகாரம், கைப்பேசி ரெண்டும் கேட்டுலயே வாங்கி வெச்சிடுவாங்க. கம்பத்துக்கு ஆகாதுன்னு போர்டு மாட்டியிருக்கும். உள்ளே ஒரே ஒரு கடிகாரம், ஸ்டோர் சுவத்துல. அதை மெதுவா ஓட விட்டிருப்பான்.

வண்டு விஷயத்தை அப்படியே எடுத்துக்கிறேன் அக்கா. வண்டு உள்ளேயும் இருக்கு, ஆனா போதல. அதனால பொம்பளைங்க தூவுற வேலை திரும்ப வருது. கதையில திருட்டைக் கண்டுபிடிக்கிறது அவங்கதான். பூ விரிஞ்சு மூணாம் நாள் வாடணும்னு கைக்குத் தெரியும். ஸ்டோர் கடிகாரத்துக் கணக்குப்படி அது ரெண்டரை நாள்லயே வாடுது. கடிகாரத்தை நம்புறதா பூவை நம்புறதான்னு பெரட்டுல சண்டை வரும். மூணாம் அத்தியாயம் அந்தச் சண்டைதான்.

ஒரு இடத்துல மட்டும் ஒத்துக்க மாட்டேன். 1.2க்கும் எல்லையில ஆளைத் தள்ளுற இழுவை வரும்னு வாத்தியார் சார் சொல்லுவாரு. புலம் எடையைத் தொடாது. எழுதிட்டேன், இனி அதைப் பத்திப் பேச்சு இல்ல.

மின்மினியை விட மனசில்ல. 1.2ல அது என்ன ஆகும் சார்?


படிவம்_ஐந்து எழுதியது:

1.2னா எனக்கு ஒரு மாசத்துக்கு ஆறு நாள்தான் கூடுதலா கிடைக்கும். பரவாயில்ல, நான் வெளியிலயே படிச்சுக்கிறேன். அந்தத் தூவுற அக்கா பேரு கதையில என்ன?


தெலுக் இந்தான் வாத்தியார் எழுதியது:

இழுவையைப் பத்திப் பேசல தம்பி, வாயைக் கட்டிட்டீங்க.

மின்மினி இப்பத்தான் உங்களுக்கு உதவும். 570ஐ 1.2ஆல வகுத்தா 475, அது நல்ல நீலம். வெளியே நிக்கிறவன் பார்த்தா தன் பக்கத்து மரம் மஞ்சள் பச்சையா மினுக்கும், உள்ளே இருக்குற மரம் நீலமா மினுக்கும், தாளமும் அஞ்சுக்கு ஆறுன்னு வேகமா இருக்கும். உள்ளே இருந்து வெளியே பார்க்குறவனுக்கு வெளி மின்மினி 684, அடர்சிவப்பு, கண்ணுக்குச் சரியா எட்டாது. பத்து மீட்டர் எல்லைக்குள்ளயே ஒரு மரம் நின்னுச்சுன்னா இன்னும் நல்லது. வெளியே இருந்து பார்த்தா அந்த மரத்துல வெளிக்கிளையில மஞ்சள் பச்சை, நடுவுல பச்சை, உள்கிளையில நீலம். ஆனா மரம் முழுக்க ஒரே தாளத்துல சேர முயற்சி பண்ணி, முடியாம, கிளைக்குக் கிளை குழம்பிக்கிட்டு நிக்கும். நாப்பது நிமிசம் ஒரு வேக்காட்டுக்கு மிச்சம் இருந்தா அந்த மரத்தை எழுதிப் பாருங்க.

ஒரு சின்னக் கவனம்: ஆத்தோரத்துல நிக்கிற பெரெம்பாங் மரத்துலதான் அவை கூடும், செம்பனையில வராது. எல்லையை ஆத்துக்குக் குறுக்கே போட்டுடுங்க.


காண்டாவாளி எழுதியது:

ஆத்துக்குக் குறுக்கே எல்லை போட்டா, உள்ளே குளிக்க எறங்குன ஆளு மேல ஓடி வர்ற தண்ணி வேற வேகத்துல இல்ல வரும்? அதையும் வாத்தியாரையே கேட்டுக்கோங்க தம்பி. அப்புறம் அந்த அக்கா பேரு, சின்னவன் கேட்டானே, பழைய பேரா வைங்க. அஞ்சலை, பாப்பாத்தி, அந்த மாதிரி.